இடது பக்கம் நின்றவர்

பிப்ரவரி 11

அண்ணனுக்கு,

நலம், நலமறிய ஆவல் எல்லாம் இந்தக் கடிதத்தில் கிடையாது. நான் நலமாக இல்லை. நீ நலமாக இருப்பதாகக் கேள்விப்பட்டேன். சலூனில் உட்கார இடமில்லையாமே. "தங்கச்சி புருஷன்னுகூடப் பார்க்காம உண்மையைச் சொன்ன மனுஷன்" என்று உன் படத்தோடு வந்த செய்தியைக் கத்தரித்து, சட்டம் போட்டு, சுவரில் மாட்டியிருக்கிறாயாம். அங்கிருந்து இங்கே எக்ஸ்ரே எடுக்க வந்த ஒருவர் சொன்னார். அவருடைய முழங்கையைப் பிடித்து நேராக வைத்துக்கொண்டே கேட்டேன். கொஞ்சம் அழுத்திப் பிடித்துவிட்டேன் போலிருக்கிறது, பாவம், கத்திவிட்டார்.

நான் இந்த ஊர் ஆஸ்பத்திரிக்கு மாற்றல் வாங்கிக்கொண்டு வந்து மூன்று வாரம் ஆகிறது. அவரை அடைத்திருக்கும் சிறை இங்கே இருக்கிறது, அதனால் நானும் இங்கே இருக்கிறேன். உன் நம்பரை என் போனில் தடுத்து வைத்திருக்கிறேன். போனில் பேசினால் நீ குரலை உயர்த்துவாய், நான் அழுதுவிடுவேன். கடிதத்தில் அந்த வசதி உனக்குக் கிடையாது.

நடந்ததை வரிசையாக எழுதிப் பாருங்கள் என்று வக்கீல் சொன்னார். எழுதியிருக்கிறேன், தப்பிருந்தால் சொல். அக்டோபர் 9, காலை பத்தேகால். உன் கடைக்கு நேர் எதிரே, ஃப்ரிட்ஜ் கடையில் சரக்கு இறக்க உன் மாப்பிள்ளை கம்பெனி லாரி நிற்கிறது. தூறல். லாரிமேல் மூன்று பேர். நடுவில் சூப்பர்வைசர். முன்னால், டிரைவர் பக்கம் உன் மாப்பிள்ளை. பின்பக்கம் அவருடைய கூட்டாளி, ஓயாமல் பேசுகிறானே, நாம் ரேடியோ என்று கூப்பிடுவோமே, அவன். இரண்டு பேருக்கும் ஒரே மாதிரி மஞ்சள் மழைக்கோட்டு. சூப்பர்வைசர் லாரியிலிருந்து தலைகுப்புற விழுகிறார். இடுப்பு உடைந்தது, மண்டையில் அடி, அந்தக் காலைப் பொழுதே அவருக்கு ஞாபகத்தில் இல்லை. ரேடியோ, "நான் திரும்பி நின்னேன், பார்க்கல" என்கிறான். இவர், "வழுக்கி விழுந்தாரு" என்கிறார். பார்த்ததாகச் சொன்னது நீ ஒருத்தன்தான். "இடது பக்கம் நின்றவர் தள்ளினார், அவர் என் மாப்பிள்ளை" என்று போலீஸில் சொன்னாய். உன் வாசலிலிருந்து பார்த்தால் டிரைவர் பக்கம் இடது. கொலை முயற்சி வழக்கு. நான்கு மாதமாக ஜாமீன் இல்லை.

புதன்கிழமை தோறும் பதினைந்து நிமிடம் பார்க்க விடுகிறார்கள். நடுவில் கம்பிவலை. அவர் கேட்பது ஒரே கேள்வி. "உங்க அண்ணன் ஏன் அப்படிச் சொன்னாரு?" கோபமாகக்கூடக் கேட்பதில்லை.

ஏப்ரல் 20 விசாரணை. நீ கூண்டில் ஏறி இதையே சொன்னால் ஏழு வருடம் என்கிறார் வக்கீல். எனக்கு இந்தக் கல்யாணம் நடந்ததில் உனக்கு இஷ்டமில்லை, தெரியும். அதற்காக இப்படி ஒரு பொய்யா?

உன் தங்கை

---

பிப்ரவரி 19

தங்கைக்கு,

பொய் என்ற வார்த்தையை எழுத உனக்கு எப்படி மனசு வந்தது? அம்மாவும் அப்பாவும் போன பிறகு உன்னைப் படிக்க வைத்தது இந்தக் கத்தியும் கத்தரியும்தான். அதைச் சொல்லிக்காட்டக் கூடாது என்று இருபது வருடம் இருந்தேன். இன்று சொல்லிக்காட்டுகிறேன்.

ஆமாம், மாப்பிள்ளையை எனக்குப் பிடிக்காது. சாப்பிடும்போது பேப்பர் படிக்கிறவர்களை எனக்கு எப்போதும் பிடித்ததில்லை. அதற்காக ஒருவரை ஜெயிலுக்கு அனுப்புவேன் என்று நினைக்கிறாயா? ஸ்டேஷனிலிருந்து வந்த அன்று நான் சாப்பிடவில்லை. உன் அண்ணியைக் கேள்.

நான் பார்த்ததைச் சொல்கிறேன், கேட்டுக்கொள். நாற்காலியில் பழைய தபால்காரர் உட்கார்ந்திருந்தார், ஒரு கன்னம் முடிந்து ஒரு கன்னம் நுரையோடு. வெளியே சத்தம் கேட்டது. கையில் கத்தியோடு வாசலுக்குப் போனேன். கதவுச் சட்டத்துக்குள் லாரியின் நடுப்பகுதி மட்டும் தெரிந்தது, முன்னும் தெரியவில்லை, பின்னும் தெரியவில்லை. இரண்டு மஞ்சள் கோட்டு, நடுவில் சூப்பர்வைசர். இடது பக்கம் நின்றவர் கையை நீட்டினார், சூப்பர்வைசர் போய்விட்டார். கீழுதட்டைக் கடித்துக்கொண்டு, புருவத்தைச் சுருக்கிக்கொண்டு நின்ற அந்த முகத்தை நான் மறப்பேனா? உன் கல்யாணத்தன்று காலையில் அதே முகத்துக்குத்தானே சவரம் செய்தேன். இருபத்திரண்டு வருடமாக எனக்கு முகம்தான் தொழில். ஒருத்தன் உட்கார்ந்தால் மூன்று மாதத்துக்கு முன்னால் எங்கே வெட்டினேன், எங்கே விட்டேன் என்று சொல்லுவேன்.

முதல் நாள்தான் லீவுக்காக சூப்பர்வைசரோடு சண்டை போட்டிருக்கிறார். அதையும் நான் சொல்லவில்லை, ஊரே சொல்கிறது.

அந்தச் செய்தியை மாட்டியது நான் இல்லை, வாடிக்கைக்காரர் ஒருவர். கழற்றவில்லை, அவ்வளவுதான். கடவுளே வந்து நாற்காலியில் உட்கார்ந்தாலும் நான் சொன்னதை மாற்ற மாட்டேன்.

அண்ணன்

---

பிப்ரவரி 26

அண்ணனுக்கு,

நீ நீளமாக எழுதியது நல்லதாகப் போயிற்று. பொய் சொல்கிறவன் இவ்வளவு எழுத மாட்டான். அதனால் பொய் என்ற வார்த்தையைத் திரும்ப எடுத்துக்கொள்கிறேன். அதைவிட மோசமான ஒன்று நடந்திருக்கிறது.

பாதிக் கன்னம் நுரையோடு ஒருவரை விட்டுவிட்டு நீ வாசலுக்குப் போனாயா? நீயா? என் காதில் பூச்சுற்றாதே. எனக்கு ஒன்பது வயதில் உன் கடை வாசலிலேயே சைக்கிளிலிருந்து விழுந்து முழங்கால் கிழிந்து ஊரைக் கூட்டினேன். நீ திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. அந்தக் கன்னத்தை முடித்து, துடைத்து, கத்தியை மடித்து வைத்துவிட்டுத்தான் வந்தாய். "கத்தி தோல்மேல இருக்கும்போது கடை தீப்பிடிச்சாலும் நகர மாட்டேன்" என்று இன்றுவரை பெருமை பேசுகிறாய்.

அடுத்தது முகம். தூறலில் இரண்டு பேருமே கோட்டின் தலைமூடியை இழுத்து விட்டிருந்தார்கள் என்று ஃப்ரிட்ஜ் கடைக்காரர் சொல்கிறார். உதடு எப்படித் தெரிந்தது உனக்கு?

இன்னொன்று. அன்று மாலை நீ எனக்குப் போன் செய்தாய், ஞாபகம் இருக்கிறதா? நீ சொன்ன வார்த்தை எனக்கு அப்படியே நினைவிருக்கிறது. "மாப்பிள்ளை கம்பெனி லாரியில யாரோ ஒருத்தன் சூப்பர்வைசரைத் தள்ளிட்டான், மாப்பிள்ளை பத்திரமான்னு கேளு." யாரோ ஒருத்தன். மறுநாள் ஸ்டேஷனில் மூன்று மணி நேரம் உட்கார்ந்துவிட்டு வந்த பிறகு அந்த யாரோ உன் மாப்பிள்ளையாகிவிட்டார். அங்கே அவர் பேரை முதலில் சொன்னது யார்? நீயா, இன்ஸ்பெக்டரா?

பதில் எழுது. கோபப்பட்டுக்கொண்டாவது எழுது.

தங்கை

---

மார்ச் 3

தங்கைக்கு,

வக்கீலுக்குப் பதிலாக நீயே கறுப்புக் கோட்டுப் போட்டுக்கொள்ளலாம்.

நான் வாசலில்தான் நின்றேன். என் கால் விரல்களில் தூறல் பட்டது இப்போதும் ஞாபகம் இருக்கிறது. இதற்கு மேல் என்ன வேண்டும்? இனி எழுதாதே.

அண்ணன்

---

மார்ச் 9

அண்ணனுக்கு,

எழுதுவேன். தபால்தலை என்னுடையது.

உன் வாசலில் தூறல் எப்படிப் பட்டது? ஆகஸ்டில் வாசலுக்கு மேல் தகரம் இறக்கினாயே, படி நனைகிறது என்று. நானும் வந்து ஏணியைப் பிடித்துக்கொண்டு நின்றேனே. அக்டோபரில் அங்கே நின்ற ஒருத்தன் காலில் சொட்டுத் தண்ணீர் படாது. இதை நீ வேண்டுமென்று சொல்லவில்லை என்று எனக்குத் தெரியும். உனக்கு நிஜமாகவே அது ஞாபகம் இருக்கிறது. அதுதான் எனக்குப் பயமாக இருக்கிறது.

நேற்று வேலையில் ஒன்று நடந்தது. எக்ஸ்ரே எடுக்கும்போது நாங்கள் ஓரத்தில் ஈயத்தில் செய்த ஒரு சின்ன எழுத்தை வைப்போம், இது வலது, இது இடது என்று. படத்தைத் திருப்பிப் பிடித்தால் வலது கால் அச்சு அசலாக இடது கால்தான், எலும்பைப் பார்த்துக் கண்டுபிடிக்க முடியாது. நேற்று புதிதாக வந்த பெண் எழுத்து வைக்க மறந்துவிட்டாள். டாக்டர் படத்தைத் திருப்பிப் பிடித்துக்கொண்டு நல்ல காலுக்கு மாவுக்கட்டுப் போடத் தயாராகிவிட்டார். கட்டில்மேல் கிடந்த ஆள், "டாக்டர், வலிக்கிறது அந்தக் கால்ங்க" என்று அலறியதால் தப்பித்தது.

அந்த ஆளைத் தள்ளிக்கொண்டு வரும்போது எனக்கு உன் கடை மனசில் வந்தது. நாற்காலி எதைப் பார்த்து இருக்கிறது? சுவர்க் கண்ணாடியை. வாசல் எங்கே? உன் முதுகுக்குப் பின்னால். தபால்காரருக்குப் பின்னால் நீ நின்றால் உன் கண்ணுக்கு முன்னால் இருப்பது கண்ணாடி. கண்ணாடியில் வாசல் தெரியும், வாசலுக்குள் லாரி தெரியும். கண்ணாடியில் இடது பக்கம் தெரிகிறவன், நீ வாசலில் போய் நின்று பார்த்தால் எந்தப் பக்கம் நிற்பான்?

நாற்காலியில் உட்கார்ந்திருந்த மனுஷனை யாராவது கேட்டார்களா? போலீஸ் கேட்கவில்லை, அவருக்கு வாயெல்லாம் நுரை என்று விட்டுவிட்டார்கள். நீ கேள். நான் கேட்டால் பெண்டாட்டி கேட்கிறாள் என்பார்கள்.

தங்கை

---

மார்ச் 24

தங்கைக்கு,

இரண்டு வாரம் பதில் எழுதவில்லை. எழுத என்ன இருக்கிறது என்று இருந்தேன். இப்போது இருக்கிறது.

தபால்காரர் சனிக்கிழமை வந்தார். நுரையைத் தடவிவிட்டு, ஏதோ பேச்சுக்குக் கேட்பதுபோல் கேட்டேன். "அன்னைக்கு நான் வாசலுக்குப் போனப்ப நீங்க எழுந்து பார்த்தீங்களா?" அவர் கண்ணைத் திறந்து கண்ணாடியில் என்னைப் பார்த்தார். "நீ எங்கேப்பா வாசலுக்குப் போனே? என் தாடையைப் பிடிச்சுக்கிட்டுத்தானே நின்னே. ரெண்டு பேரும் கண்ணாடியிலதான் பார்த்தோம். கத்தி என் கழுத்துல இருந்துச்சு, நான் மூச்சுகூட விடல. நீ போனது எல்லாம் முடிஞ்சு, ஆளுங்க ஓடி வந்த பிறகு."

எனக்கு வந்த கோபத்தில் அவர் காதோரம் சின்னதாகக் கீறிவிட்டேன். இருபத்திரண்டு வருடத்தில் முதல் தடவை. வயசாகிவிட்டது, உங்களுக்கு ஞாபகம் தப்புகிறது என்றேன். "நாற்பது வருஷம் தப்பாம தபால் கொடுத்தவன்டா நான்" என்று அவரும் எகிறினார். ஒரு கன்னத்தோடு எழுந்து போகப் பார்த்தார், கெஞ்சி உட்கார வைத்தேன்.

மறுநாள் விடுமுறை. கதவைத் திறந்து வைத்துவிட்டு, நாற்காலிக்குப் பின்னால் நின்று பார்த்தேன். எதிர்க்கடையில் ஒரு லாரி நின்றது. கண்ணாடிக்குள் கதவுச் சட்டம், அதற்குள் லாரியின் நடுப்பகுதி. முன்னும் தெரியவில்லை, பின்னும் தெரியவில்லை. உனக்கு நான் எழுதின அதே காட்சி. பிறகு வாசலுக்குப் போய் நின்றேன். அங்கிருந்து பார்த்தால் லாரி முழுக்கத் தெரிகிறது, டிரைவர் கதவிலிருந்து பின்பலகை வரைக்கும். நான் வாசலில் நின்று பார்த்திருந்தால் அப்படித்தானே ஞாபகம் இருந்திருக்கும்? படியில் அப்படியே உட்கார்ந்துவிட்டேன்.

முகத்தைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன், பாதி சொல்லிப் பாதி விழுங்கி என்ன ஆகப் போகிறது. உதட்டைக் கடித்துக்கொண்டு புருவத்தைச் சுருக்கின அந்த முகம் லாரிமேல் பார்த்தது இல்லை. உன் கல்யாணத்தன்று காலையில் அதே நாற்காலியில், அதே கண்ணாடியில் பார்த்தது. கத்தி பட்டுவிடுமோ என்று மாப்பிள்ளை அப்படித்தான் உதட்டைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். ஸ்டேஷனில் இன்ஸ்பெக்டர், "டிரைவர் பக்கம் நின்னது உங்க மாப்பிள்ளைன்னு எல்லாரும் சொல்றாங்க, அப்ப இடது பக்கம் அவர்தானே?" என்று கேட்டார். நான் ஆமாம் என்றேன். அந்த ஆமாமுக்குப் பிறகு மஞ்சள் தலைமூடிக்குள் அந்த முகம் வந்து உட்கார்ந்துகொண்டது. ஒவ்வொரு தடவை சொல்லும்போதும் இன்னும் தெளிவாயிற்று. இன்று இதை எழுதும்போதுகூடத் தெரிகிறது. அங்கே அது இருந்திருக்க முடியாது என்று புரிந்த பிறகும் தெரிகிறது.

புகழ் எனக்குப் பிடித்திருந்தது. ஊரில் பெரிய மனிதர்கள் வந்து கையைக் குலுக்கினார்கள். அதை நான் உனக்கு ஒப்புக்கொள்ளாமல் வேறு யாருக்கு ஒப்புக்கொள்வது? செய்தியைக் கழற்றிவிட்டேன்.

அண்ணன்

---

மார்ச் 29

அண்ணா,

கடிதத்தை எக்ஸ்ரே அறைக்குள்ளேயே வைத்துப் படித்தேன். கதவுக்கு வெளியே சிவப்பு விளக்குப் போட்டுவிட்டு உட்கார்ந்து அழுதேன். வரிசையில் நின்றவர்கள் ஏதோ பெரிய எலும்பு என்று நினைத்திருப்பார்கள்.

வக்கீலிடம் படித்துக் காட்டினேன். துள்ளிக் குதித்தார். அப்படியானால் தள்ளியது ரேடியோ! கண்ணாடியில் இடது என்றால் வாசலிலிருந்து வலது, வலது பக்கம் பின்பலகை, பின்பலகைப் பக்கம் நின்றது அவன். எத்தனை நாள் நம் வீட்டில் சாப்பிட்டிருக்கிறான்! திரும்பி நின்றானாம், பார்க்கவில்லையாம். ஓயாமல் பேசுகிற வாய் ஆறு மாதமாக இந்த ஒரு விஷயத்தில் மட்டும் மூடிக்கொண்டது ஏன்?

நீ கூண்டில் இரண்டே வாக்கியம் சொன்னால் போதும் என்கிறார் வக்கீல். நான் கண்ணாடியில் பார்த்தேன். தள்ளினவர் பின்பக்கம் நின்றவர். அதற்கு மேல் நீ வாயே திறக்க வேண்டாம். அன்றைக்கே நம் வீட்டில் விளக்கு எரியும்.

உன் தங்கை

---

ஏப்ரல் 4

தங்கைக்கு,

முதல் வாக்கியத்தைச் சொல்லுவேன். இரண்டாவதைச் சொல்ல மாட்டேன்.

கத்துவதற்கு முன்னால் முழுக்கப் படி. நாற்காலியில் உட்காருகிறவர், "இடது பக்கம் இன்னும் கொஞ்சம் குறைங்க" என்பார். சிலர் கண்ணாடியைப் பார்த்து இடது என்பார்கள், சிலர் தன் கையை வைத்து இடது என்பார்கள். யார் எதைச் சொல்கிறார் என்று என் கைக்கே தெரியும், யோசிக்கவே மாட்டேன். இத்தனை வருடமாக என் தலைக்குள் இடதும் வலதும் தானாகவே திரும்பிக்கொண்டிருக்கிறது. அன்று கண்ணாடியில் பார்த்ததை அப்படியே இடது என்று வைத்துக்கொண்டேனா, இல்லை பார்த்த அந்த நொடியிலேயே திருப்பி வைத்துக்கொண்டேனா? எத்தனையோ தடவை நின்று பார்த்துவிட்டேன். தெரியவில்லை. எனக்கு மிச்சம் இருப்பது இடது என்ற சொல் மட்டும்தான்.

தள்ளியது என்றுகூட என்னால் இப்போது சொல்ல முடியவில்லை. ஒரு கை நீண்டது. தபால்காரரைக் கேட்டேன். "கை நீண்டுச்சு. தள்ளவா, விழறவரைப் பிடிக்கவான்னு எனக்கு எப்படித் தெரியும்?" என்கிறார்.

ரேடியோவுக்கும் ஒரு வீடு இருக்கிறது. தெரியாததைத் தெரியும் என்று சொல்லி ஒரு ஆளை உள்ளே வைத்தாயிற்று. அதே வாயால் இன்னொரு ஆளை உள்ளே வைத்து இவரை வெளியே எடுக்கச் சொல்கிறாய். முடியாது. இன்ஸ்பெக்டர் வந்து கடையில் உட்கார்ந்து, பேச்சு மாறினால் என்மேலேயே வழக்கு வரும் என்று சொல்லிவிட்டுப் போனார். அவருக்கும் இதையேதான் சொன்னேன். தெரியாது என்று சொல்லத்தான் போகிறேன், செய்வதைச் செய்யுங்கள் என்றேன்.

அண்ணன்

---

ஏப்ரல் 7

உனக்கு,

தெரியாத மனிதர்கள் முன்னால் அவர்மேல் பழி போடத் தெரிந்தது. என் ஒருத்திக்காக ஒரு வார்த்தை சொல்லத் தெரியாதோ? தெரியாது என்று சொன்னால் பாதிப்பேர் அவர்தான் என்றே நினைப்பார்கள். வாழ்நாள் முழுக்க நினைப்பார்கள்.

இருபதாம் தேதி நான் வரமாட்டேன். உன் முகத்தில் விழிக்க எனக்கு இஷ்டமில்லை.

---

ஏப்ரல் 22

தங்கைக்கு,

நீ வரவில்லை. சொன்னபடியே செய்தாய். ஏறினவுடன் கூட்டத்தைப் பார்த்தேன், இல்லை. ஒருவேளை தாமதமாக வந்திருப்பாயோ என்று நடுவில் ஒரு தடவையும் பார்த்தேன், இல்லை. அதனால் நடந்ததை நானே எழுதுகிறேன். என் ஞாபகத்திலிருந்து எழுதுகிறேன், அதற்குத் தகுந்த மாதிரி நம்பிக்கொள்.

கண்ணாடியில்தான் பார்த்தேன், யார் என்று தெரியாது என்றேன். உடனே அரசு வக்கீல், பேச்சு மாறிவிட்டான், என்னைப் பிறழ் சாட்சி என்று அறிவிக்க வேண்டும் என்றார். "உங்க தங்கச்சி கடிதம் எழுதினாங்களா?" என்று கேட்டார். எழுதினாள் என்றேன். "அதனாலதான் பேச்சை மாத்துறீங்க?" "என் தங்கச்சி கேட்டது இன்னொருத்தர் பேரைச் சொல்லச் சொல்லி. அதையும் நான் சொல்லலையே" என்றேன். கடித விஷயத்தைச் சொன்னதற்கு உன் வக்கீல் என்னை எரிப்பதுபோல் பார்த்தார்.

"அப்ப தள்ளினது உங்க மாப்பிள்ளையா இருக்கலாமா?"

"இருக்கலாம்."

"இன்னொருத்தரா இருக்கலாமா?"

"இருக்கலாம். அவரே வழுக்கி விழுந்திருக்கலாம், ஒருத்தர் பிடிக்கப் போயிருக்கலாம். நான் பார்த்தது ஒரு கை. அதுவும் கண்ணாடியில."

கூட்டம் சிரித்தது. மாப்பிள்ளை சிரிக்கவில்லை, தரையைப் பார்த்துக்கொண்டு நின்றார். நீதிபதி அம்மா பேனாவை வைத்துவிட்டுக் கேட்டார். "தெரியாதுன்னா அன்னைக்கு ஏன் அவ்வளவு உறுதியா சொன்னீங்க?"

"கேட்டவங்க எல்லாரும் உறுதியா கேட்டாங்கம்மா. நானும் அப்படியே சொல்லிட்டேன். சொன்ன பிறகு எனக்கே அது உறுதியா தெரிஞ்சுது."

பொய் வாக்குமூலம் என்று என்மேல் நோட்டீஸ் வந்திருக்கிறது. கடையில் கூட்டம் இல்லை. தங்கைக்காகக் குட்டிக்கரணம் அடித்தவன் என்று பேர். கையைக் குலுக்கிய பெரிய மனிதர்கள் எதிர்ச்சாரியில் நடந்து போகிறார்கள். போகட்டும். கடை எட்டு மணிக்குத் திறக்கிறது, எட்டு மணிக்கு மூடுகிறது. இதைவிட நிம்மதியாக நான் இருந்ததாக எனக்கு ஞாபகம் இல்லை.

மாப்பிள்ளையிடம் என்னால் மன்னிப்புக் கேட்க முடியவில்லை. நீயாவது சொல்.

அண்ணன்

---

மே 2

அண்ணாவுக்கு,

நான் வந்திருந்தேன். மூன்றாவது பெஞ்சு, நடைபாதை ஓரம். உனக்கும் எனக்கும் நடுவில் இரண்டு தலைதான். ஆஸ்பத்திரியிலிருந்து நேராக வந்ததால் வெள்ளைக் கோட்டுகூடக் கழற்றவில்லை. நீ கூட்டத்தை இரண்டு தடவை பார்த்தாய், அது சரியாகத்தான் ஞாபகம் வைத்திருக்கிறாய். இரண்டு தடவையும் உன் கண் என்மேல் பட்டு, நின்று, நகர்ந்து போயிற்று. வரமாட்டேன் என்று நான் எழுதியதை நம்பிவிட்டாய், அதனால் நான் உனக்குத் தெரியவில்லை. அப்போதே பெஞ்சிலிருந்து எழுந்து கூப்பிட வேண்டும்போல் இருந்தது.

உன்னைத் திட்டத்தான் வந்தேன். "இருக்கலாம்" என்றாயே, உன் மாப்பிள்ளையாகவும் இருக்கலாம் என்று, அந்த ஒரு வார்த்தையை நான் சாகிறவரை மன்னிக்க மாட்டேன். எழுதி வைத்துக்கொள். அந்த வார்த்தைக்காகத்தான் நீதிபதி அம்மா மற்றது எல்லாவற்றையும் நம்பினார் என்று வக்கீல் சொல்கிறார். உறவுக்காகப் பேச்சை மாற்றுகிறவன் "மாப்பிள்ளையாகவும் இருக்கலாம்" என்று சொல்ல மாட்டானாம். தீர்ப்பிலேயே அப்படி எழுதியிருக்கிறதாம். ஏப்ரல் 29ஆம் தேதி விட்டுவிட்டார்கள். வேறு சாட்சி இல்லை.

உன் நோட்டீஸுக்கு நம் வக்கீலே ஆஜராவார். ஒத்துக்கொள்ளாவிட்டால் நான் விட மாட்டேன் என்று அவருக்குத் தெரியும். கடைக்கு ஆள் வரவில்லை என்று நீ ஒன்றும் இறங்கிப் போகாதே. நான் அடுத்த மாதம் அங்கேயே மாற்றல் கேட்டிருக்கிறேன். தெருவில் எவன் என்ன சொல்கிறான் என்று பார்க்கிறேன்.

உன் மன்னிப்பை அவரிடம் சொன்னேன். பேப்பரை எடுத்துப் பிரித்துக்கொண்டார். உனக்கு ஆறுதலாக ஏதாவது சேர்த்து எழுதலாம் என்று பார்த்தேன், வேண்டாம் என்று விட்டுவிட்டேன்.

நேற்று மத்தியானம் சாப்பிட உட்கார்ந்தோம். பேப்பரை எடுக்கவில்லை. உள்ளே இருக்கும்போது ஒன்று நடந்தது என்று அவராகவே ஆரம்பித்தார். விசாரிக்க வந்தவர்கள், கூட இருந்தவர்கள், எல்லாரும் நீ தள்ளினே, இப்படித் தள்ளினே என்று சொல்லிக்கொண்டே இருந்தார்களாம். மூன்றாவது மாதம் அவருக்கே தெரிய ஆரம்பித்துவிட்டதாம். தன் கை நீளுவதும், சூப்பர்வைசரின் சட்டை கையில் படுவதும். "வழுக்கி விழுந்தாருன்னு முதல் நாள் சொன்னேன். அது எனக்கு ஞாபகம் இருந்ததா, இல்ல சொன்னதுதான் ஞாபகம் இருக்கான்னு இப்ப தெரியல" என்றார். பிறகு தட்டைப் பார்த்துக்கொண்டே கேட்டார்.

"நான் தள்ளலன்னு உனக்குத் தெரியுமா?"

ஆறரை மாதம் கம்பிவலைக்கு இந்தப் பக்கம் நின்று எனக்குத் தெரியும், எனக்குத் தெரியும் என்று கத்தினவள் நான். நேற்று அது வாயில் வரவில்லை. எல்லாம் உன்னால்தான்.

"தெரியாது" என்றேன். "நான் அங்க இல்லையே. தள்ளியிருக்க மாட்டீங்கன்னு நம்பறேன்."

அவர் கை அப்படியே நின்றுவிட்டது. போச்சு, கெடுத்துவிட்டேன் என்று நினைத்தேன். தலையை நிமிர்த்தி, வந்ததிலிருந்து முதல் தடவையாக என்னை நேராகப் பார்த்தார்.

"இத்தனை மாசமா நீ தெரியும் தெரியும்னு சொன்னப்ப எல்லாம், புருஷனாச்சேன்னு சொல்றியோன்னு நினைச்சேன்" என்றார். "இப்பதான் நீ என் பக்கம் இருக்கேன்னு தெரியுது."

தங்கை